மார்ட்டினி துப்பாக்கியும் ஒரு திரும்பிய எழுத்தும்



மகள் வீட்டில் ஆறு மாதம் இருந்துவிட்டு வந்ததைப் பற்றி எழுதச் சொல்லிப் பலர் கேட்டீர்கள். நயாகராவைப் பற்றி எல்லோரும் எழுதியாயிற்று, படமும் போட்டாயிற்று. எனக்கு மனதில் நிற்பது வேறு. பக்கத்து வீட்டுப் பட்டறையில் பார்த்த இரண்டு பழைய துப்பாக்கிகள். "டீச்சருக்கும் துப்பாக்கிக்கும் என்ன சம்பந்தம்?" என்று சிரிக்காதீர்கள். உயர்நிலைப் பள்ளியில் நான் என்.சி.சி. மாணவி. குப்புறப் படுத்து .22 ரைபிளில் ஐந்து குண்டு சுட்டவள். சுட்டதை விட, முடிந்ததும் காலித் தோட்டாக்களைப் புல்லில் தேடிப் பொறுக்கி எண்ணிக் கொடுத்ததுதான் நன்றாக நினைவிருக்கிறது. ஒன்று குறைந்தாலும் வீட்டுக்கு விட மாட்டார்கள்.

மகள் இருப்பது பென்சில்வேனியா மாநிலத்தில், மரங்களுக்கு நடுவே. ஒரு வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்கு நடக்க ஐந்து நிமிடம் ஆகும். பக்கத்து வீட்டுப் பெரியவர் எனக்கு மூத்தவர், எழுபத்தைந்து இருக்கும். லேத் பட்டறையில் நாற்பது வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மனைவி இறந்துவிட்டார். நான் குழந்தையைத் தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு போகும்போது கை அசைப்பார். ஒருநாள் மாப்பிள்ளையிடம், "உங்கள் மாமியார் ஆசிரியை என்றாயே, எனக்குக் கணக்கு எழுத ஒரு ஆள் வேண்டும், வருவாரா?" என்று கேட்டிருக்கிறார்.

என்ன கணக்கு என்றால், ஒரு பழைய துப்பாக்கியைச் சுட்டுச் சோதிக்கப் போகிறார். அதைத் தனியாகச் செய்யக் கூடாதாம். அருகில் ஒருவர் இருந்து ஒவ்வொன்றையும் எழுத வேண்டும், ஏதாவது ஆனால் ஆம்புலன்ஸைக் கூப்பிடவும் ஆள் வேண்டும். மகளுக்குப் பிடிக்கவே இல்லை. "அம்மா, நீங்க விசிட்டர் விசாவில வந்திருக்கீங்க" என்றாள். அவள் சொன்னதில் நியாயம் உண்டு. அங்கே விசிட்டர் விசாவில் வந்தவர்கள், சில விதிவிலக்குகள் தவிர, துப்பாக்கி வைத்திருப்பதே குற்றம். ஆனால் 1898-ஆம் ஆண்டு வரை செய்யப்பட்டவை அவர்களுடைய மத்திய சட்டத்தில் பழம்பொருள். துப்பாக்கி என்ற கணக்கிலேயே சேராது. மாப்பிள்ளை இதையெல்லாம் தேடிப் படித்துவிட்டு, "அத்தை, பாருங்க, எழுதுங்க, சுட மட்டும் வேண்டாம்" என்று தீர்ப்புச் சொன்னார். எனக்கும் சுடும் ஆசை இல்லை.

பெரியவர் மேசையில் இரண்டு துப்பாக்கிகள் கிடந்தன. பார்வைக்கு இரட்டையர் மாதிரி. இரண்டும் மார்ட்டினி-ஹென்றி ரகம். உள்ளே இயங்கும் அமைப்பு மார்ட்டினி என்பவருடையது, குழலின் உள்வரி ஸ்காட்லாந்தின் ஹென்றி என்பவருடையது, அதனால் இரண்டு பேர். பிரிட்டிஷ் ராணுவம் 1871-இல் ஏற்றுக்கொண்டது. ஒரு நேரத்தில் ஒரே ஒரு தோட்டாதான். கைப்பிடிக்குக் கீழே உள்ள நெம்புகோலைக் கீழே இழுத்தால் உள்ளே ஓர் இரும்புக் கட்டி முன்பக்கம் சாய்ந்து வழி விடும். தோட்டாவைத் தள்ளி நெம்புகோலை மேலே தூக்கினால் கட்டி எழுந்து வாயை அடைக்கும், துப்பாக்கி தயார். பக்கவாட்டில் கண்ணீர்த் துளி வடிவில் ஒரு சிறு முள் இருக்கிறது. அது சாய்ந்திருக்கும் விதத்தைப் பார்த்தே துப்பாக்கி ஆயத்தமா இல்லையா என்று தெரிந்துகொள்ளலாம். எடை நான்கு கிலோ. 1879-இல் தென்னாப்பிரிக்காவில் ஜூலுக்களோடு நடந்த போரில் ஆங்கிலேயர் கையில் இருந்தது இதுதான். தொடர்ந்து சுட்டால் குழல் தொட முடியாதபடி கொதிக்கும் என்று சிப்பாய்கள் மாட்டுத்தோலைச் சுற்றித் தைத்துக்கொண்டார்களாம்.

நம் சிப்பாய்களுக்கு இது தாமதமாகத்தான் கிடைத்தது. 1857-க்குப் பிறகு, இந்தியச் சிப்பாய் கையில் இருப்பது வெள்ளைக்காரச் சிப்பாயின் துப்பாக்கியை விட ஒரு தலைமுறை பழையதாக இருக்க வேண்டும் என்று ஒரு கொள்கையே வைத்திருந்தார்கள். அவர்கள் மார்ட்டினிக்குப் போனபோது நமக்கு அதற்கு முந்தைய ஸ்னைடர். அவர்கள் பல தோட்டாக்கள் அடங்கும் .303-க்குப் போன பிறகு நமக்கு மார்ட்டினி. 1897 செப்டம்பர் 12 அன்று சாராகடியில் 21 சீக்கியர்கள் கடைசி வரை நின்று சண்டையிட்டது இந்த ஒற்றைத் தோட்டாத் துப்பாக்கியை வைத்துக்கொண்டுதான். வரலாற்றுப் பாடத்தில் இதைச் சொல்லிக்கொடுக்க நமக்குப் பக்கம் ஒதுக்கவில்லை. இப்போதாவது சொல்லிவிடுகிறேன்.

முதல் துப்பாக்கி பெரியவரே வாங்கியது, நேபாளத்திலிருந்து வந்தது. காட்மண்டுவில் லகன் சிலேகானா என்ற பழைய அரண்மனைக் கிடங்கில் ராணாக்கள் காலத்து ஆயுதங்கள் பல்லாயிரம் அடைந்து கிடந்தன. 2003-இல் அமெரிக்க வியாபாரிகள் மொத்தமாக வாங்கிக் கப்பலேற்றினார்கள். வந்தபோது அதன் மேல் நூறு வருடத்து எண்ணெய்ப் பிசுக்கு கெட்டித் தாராக இருந்ததாம். சுரண்டிக் கழுவவே ஒரு மாதம் ஆயிற்று என்றார். பக்கவாட்டில் ஒரு கிரீடம், அதன் கீழ் வி.ஆர். என்ற எழுத்துகள் (விக்டோரியா ராணி), என்ஃபீல்ட் என்ற தொழிற்சாலைப் பெயர், 1880 என்ற ஆண்டு, எல்லாம் ஆணி அடித்தாற்போல் தெளிவாக இருந்தன. மரக்கட்டையில் வேறொரு எழுத்து வரிசை. "இது என்னவென்று இருபது வருடமாகத் தெரியவில்லை" என்றார். பார்த்தேன், தேவநாகரி. சின்ன வயதில் அப்பா வற்புறுத்தி இந்தி பிரச்சார சபாவில் மத்யமா வரை எழுத வைத்தார். அன்று அழுதுகொண்டே படித்தது பென்சில்வேனியாவில் பயன்பட்டது. "ஸ்ரீ" என்று வாசித்து, பக்கத்தில் உள்ள எண் 387 என்று சொன்னேன். அவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே! உடனே சுண்ணக்கட்டியால் பலகையில் எழுதி வைத்துக்கொண்டார்.

இரண்டாவது துப்பாக்கி அவருடைய மகன் கொடுத்தது. மகன் ஆப்கானிஸ்தானில் ராணுவ வேலையில் இருந்தவர். முகாமுக்குள் வாரம் ஒருநாள் கூடும் சந்தையில் சில நூறு டாலருக்கு வாங்கி, அப்பாவுக்கு அனுப்பியிருக்கிறார். 1898-க்கு முந்தைய பழம்பொருள் என்றால் அப்படி அனுப்ப அவர்களுக்கு அனுமதி இருந்தது. பல வருடம் சுவரில் தொங்கியது. இப்போது தேங்க்ஸ்கிவிங் விடுமுறைக்கு மகன் தன் பன்னிரண்டு வயதுப் பையனோடு வருகிறார். "அப்பா, இந்த முறை என் துப்பாக்கியைப் பேரன் சுட வேண்டும்" என்று போனில் சொல்லிவிட்டார். சோதனை அதற்காகத்தான்.

கையில் எடுத்துக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தேன். அதே கிரீடம், அதே வி.ஆர்., அதே என்ஃபீல்ட். ஆண்டு 1879. ஆனால் என்ஃபீல்ட் என்பதில் வரும் 'என்' எழுத்து திரும்பி இருந்தது. ஆங்கிலத்தில் அந்த எழுத்தின் குறுக்குக்கோடு இடப்பக்கம் மேலிருந்து வலப்பக்கம் கீழே இறங்க வேண்டும். இதில் கீழிருந்து மேலே ஏறியிருந்தது. முப்பத்து நான்கு வருடம் ஒன்றாம் வகுப்பு, இரண்டாம் வகுப்புச் சிலேட்டுகளைப் பார்த்த கண்ணுக்கு அது உடனே தெரியும். '3'-ஐ வயிறு திருப்பிப் போடும் பிள்ளை, 'ட'-வை இந்தப் பக்கம் மடக்கும் பிள்ளை, எத்தனை பேர்! (நீங்களும் போட்டிருக்கிறீர்கள். இன்று வங்கியில் கையெழுத்துப் போடும் சிலரைப் பெயர் சொல்லாமல் விடுகிறேன்.)

நான் அந்த எழுத்தின் மேல் விரலை வைத்துப் பெரியவரைப் பார்த்தேன். அவர் தலையை மட்டும் ஆட்டினார். மாப்பிள்ளை என் கையிலிருந்து துப்பாக்கியை மெல்ல வாங்கி மேசையில் வைத்தார். 1898-க்கு முந்தியதா என்ற சந்தேகம் வந்த பிறகு அத்தை அதைத் தொட வேண்டாம் என்று!

கைபர் கணவாய்ப் பக்கம், பெஷாவருக்குத் தெற்கே தர்ரா ஆதம் கேல் என்ற ஊர் இருக்கிறது. அங்கே வீட்டுக்கு வீடு துப்பாக்கிப் பட்டறை. ஆங்கிலேயத் துப்பாக்கி ஒன்று கையில் கிடைத்தால், அரமும் கை துரப்பணமும் வைத்துக்கொண்டு அதைப் போலவே செய்துவிடுவார்கள். முத்திரையையும் சேர்த்துத்தான். சிலவற்றில் விக்டோரியா பெயரோடு 1901-க்குப் பிந்தைய ஆண்டும் இருக்குமாம். ராணி அந்த ஆண்டு ஜனவரியிலேயே இறந்துவிட்டார் என்பது பட்டறைக்காரருக்கு எப்படித் தெரியும்?

எனக்கு ஒரு விஷயம் புரிந்தது. முத்திரை அச்சை நேராக வெட்டிவிட்டு அடித்திருந்தால் எல்லா எழுத்துமே திரும்பியிருக்கும். ஒன்று மட்டும் திரும்பியிருக்கிறது என்றால், ஒவ்வொன்றாகப் பார்த்துப் பார்த்துக் கையால் செதுக்கியிருக்கிறார். அவருக்கு அது எழுத்தே இல்லை, கோலம். நான்கு கோடு, மூன்று கோடு என்று பார்த்துப் போட்டிருக்கிறார். ஆனால் கை எவ்வளவு சுத்தம்! கிரீடத்தில் மணி மணியாக வைத்திருக்கிறார். அந்தக் கையைப் பிடித்து யாராவது ஒரு நாள் எழுத்துப் பலகையில் நடத்தியிருந்தால் என்று நினைத்துக்கொண்டேன். தொழில் புத்தி, விடுமா?

எழுத்து பிழையானால் இரும்பும் பிழை என்று ஆகிவிடாது, அதனால் பெரியவர் முறையாகவே பார்த்தார். இந்தப் பகுதியை ஐ.டி.ஐ. படித்த என் மாணவர்கள் கவனித்துப் படிக்கவும்.

முதலில் குழலுக்குள் விளக்கு விட்டுப் பார்த்தார். அசல் குழலில் ஏழு பள்ள வரிகள் முறுக்கிக்கொண்டு ஓடும். குண்டைச் சுழல வைப்பது அவைதான். பிறகு மென்மையான ஈயக் கட்டி ஒன்றை எண்ணெய் தடவிக் குழல் வழியாகத் தட்டித் தட்டி மறுபக்கம் எடுத்தார். குழலின் உள்வடிவம் ஈயத்தில் அப்படியே பதிந்து வருகிறது. ஏழு ஒற்றைப்படை அல்லவா? ஒரு பள்ளத்துக்கு நேர் எதிரே பள்ளம் வராது, மேடுதான் வரும். சாதாரண வெர்னியரில் விட்டம் எடுக்க முடியாது, மூன்று புள்ளியில் தொடும் அளவி வேண்டும். அடுத்தது தோட்டா உட்காரும் அறை. வெந்நீர்ச் சூட்டுக்கும் குறைவிலேயே உருகும் ஒரு உலோகக் கலவையை அதில் ஊற்றி ஆற விட்டார். ஆறும்போது கொஞ்சம் சுருங்கும், பிறகு மெல்ல விரியும். சரியாக ஒரு மணி நேரம் கழித்து அளந்தால் அறையின் அசல் அளவு கிடைக்கும். அந்த ஒரு மணி நேரமும் யாரும் பேசவில்லை. பரீட்சை ஹால் மாதிரி இருந்தது.

நேபாளத் துப்பாக்கி எல்லாவற்றிலும் தேறியது. ஆப்கன் துப்பாக்கியின் வார்ப்பை வெளியே எடுத்ததும் எனக்கே தெரிந்தது, ஒருபக்கம் தடித்து ஒருபக்கம் ஒல்லியாக. அறை குழலுக்கு நடுவில் இல்லை. குழலில் ஐந்து வரிகள்தான், பாதி வழியில் ஆழம் குறைந்துகொண்டே போனது. கடைசியாக, வாயை அடைக்கும் அந்த இரும்புக் கட்டியில், வெளியே தெரியாத மூலையில் சிறு அரத்தை வைத்து இழுத்தார். நேபாளத் துப்பாக்கியில் அரம் கண்ணாடி மேல் போவது போல வழுக்கியது. இதில் கடித்தது. மென்மையான இரும்பு, பதம் ஏற்றப்படவில்லை. வெடிக்கும்போது சுடுபவரின் முகத்துக்கும் மருந்துக்கும் நடுவே இருப்பது அந்தக் கட்டி ஒன்றுதான்.

பெரியவர் அரத்தைத் துடைத்து உறையில் போட்டார். "அது வந்த அன்றே எனக்குத் தெரியும்" என்றார். தெரிந்தும் இத்தனை வருடம் மகனிடம் சொல்லவில்லை. மாப்பிள்ளை வீட்டுக்கு வந்த பிறகு காரணத்தைச் சொன்னார். அன்று சந்தைக்குக் கூடப் போன நண்பர் ஊர் திரும்பவில்லையாம்.

சுட்டுச் சோதித்தது அடுத்த சனிக்கிழமை, அவருடைய நிலத்தின் கோடியில், மண்மேட்டுக்கு எதிரே. நேபாளத் துப்பாக்கி மட்டும். அந்த அளவுத் தோட்டா கடையில் சுலபமாகக் கிடைக்காது. 24 எண் பித்தளை வேட்டைத் தோட்டாவை வாங்கி அச்சில் அழுத்தி உருமாற்றி வைத்திருந்தார். உள்ளே போடுவது பழைய கருமருந்து மட்டுமே. இந்தக் கால மருந்தைப் போட்டால் துப்பாக்கியும் போகும், ஆளும் போவார். முழு அளவு 5.5 கிராம், ஒரு டீஸ்பூனுக்குக் கொஞ்சம் மேல். குண்டு 31 கிராம், ஏறக்குறைய நான்கு பவுன் எடை ஈயம்! முதல் இரண்டுக்குப் பாதி மருந்து. மீதி இடத்தைக் காலியாக விடக் கூடாது என்று ஒரு பஞ்சை அடைத்தார். தொட்டுப் பார்த்தேன். நம் இலவம் பஞ்சு. தலையணைக்குப் போடுவது என்று சொன்னேன், அவர் நம்பவில்லை.

துப்பாக்கியை ஒரு பழைய லாரி டயரில் கட்டி, விசையில் கயிறு கட்டி, ஐம்பது அடி தள்ளி அடிமரத்துக்குப் பின்னால் நின்றோம். நான் நோட்டில் எண், மருந்து, நேரம் எழுதினேன். கயிற்றை இழுத்தார். சத்தம் நான் நினைத்ததை விட மந்தமாக, தொலைவில் மரம் விழுவது போல வந்தது. வெள்ளைப் புகை டயரையே மறைத்துவிட்டது. காற்றில் வந்த வாசனை, சொன்னால் நம்புங்கள், தீபாவளி விடியற்காலை! வெடியுப்பு, கந்தகம், கரி, அதே மூன்றுதான். எனக்கு ஒரு நிமிடம் எங்கே இருக்கிறோம் என்றே தெரியவில்லை.

ஒவ்வொரு முறையும் காலித் தோட்டாவை எடுத்து, விரிசல் இருக்கிறதா, வயிறு புடைத்திருக்கிறதா, அடிக் கேப் பிதுங்கியிருக்கிறதா என்று பூதக்கண்ணாடியில் பார்த்தார். ஐந்து முறை, ஐந்தும் சுத்தம். முழு மருந்து போட்டபோது டயரே ஒரு சாண் பின்னால் நகர்ந்தது. அதன் பிறகுதான் தோளில் வைத்துத் தானே சுட்டார். அன்று மாலையே குழலில் கொதிநீரும் சோப்பும் ஊற்றிக் கழுவினார். கருமருந்தின் கசடு ஈரத்தை இழுக்கும், ஒரே இரவில் துரு பிடித்துவிடும். காலித் தோட்டாக்களை நான் எண்ணிக் கொடுத்தேன். பழக்கம்.

மகன் புதன்கிழமை இரவு வந்தார். வியாழன் காலை பெரியவர் எங்களையும் பட்டறைக்குக் கூப்பிட்டார். தனியாகச் சொல்ல அவருக்குத் தைரியம் வரவில்லை என்று நினைக்கிறேன். ஈய வார்ப்புகளையும் அறை வார்ப்புகளையும் ஜோடி ஜோடியாக மேசையில் வைத்து, "நீயே பார்" என்று மட்டும் சொன்னார். மகன் வெகு நேரம் பார்த்தார். கோணலான வார்ப்பைக் கையில் உருட்டினார். "டயரில் கட்டி ஒரு முறை சுட்டுப் பார்த்துவிடலாமா?" என்று கேட்டார். பெரியவர், "வெடித்துவிட்டால் இது இருக்காதே" என்றார். மகன் அதற்கு மேல் கேட்கவில்லை. வெளியே போய்க் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தார்.

பையன் என்னிடம் வந்தான். எது தப்பு என்று அவனுக்குத் தெரியவில்லை. நோட்டில் ஒரு 'என்' எழுதச் சொன்னேன். பிறகு துப்பாக்கியைக் காட்டினேன். பார்த்துவிட்டு, "இதைச் செய்தவருக்குப் படிக்கத் தெரியாதா?" என்றான். தெரியாது என்றேன். "படிக்கத் தெரியாமல் இவ்வளவும் செய்தாரா?" என்று கேட்டுவிட்டு, கிரீடத்தின் மணிகளை விரலால் எண்ண ஆரம்பித்தான். பதினோரு மணி. அவனுடைய அப்பாவும் குனிந்து பார்த்தார். இத்தனை வருடத்தில் அந்தக் கிரீடத்தை அவர் எண்ணிப் பார்த்ததில்லையாம்.

மதியம் பையன் நேபாளத் துப்பாக்கியில், பாதி மருந்தில், தாத்தா பின்னால் தாங்கிக்கொள்ள இரண்டு முறை சுட்டான். இரண்டாவது குண்டு அட்டையின் மூலையில் பட்டது. அதையும் எழுதி வைத்தேன்.

ஆப்கன் துப்பாக்கியின் உள்ளிருக்கும் ஊசியைப் பெரியவர் கழற்றித் தனி டப்பாவில் போட்டுப் பூட்டிவிட்டார். மகன் அதைத் தன் வீட்டுக்கு எடுத்துப் போகவில்லை, அப்பாவின் சுவரிலேயே இருக்கட்டும் என்றார். கீழே வைக்க ஒரு அட்டை எழுதினார்கள்: யார் வாங்கியது, எந்த ஆண்டு, கைபர் பக்கத்துக் கைவேலை, சுடக் கூடாது. எழுத்துப்பிழை பார்த்துக் கொடுக்கச் சொல்லி என்னிடம் நீட்டினார்கள். ஒரு இடத்தில் திருத்தினேன்.

படம் போடச் சொல்லிக் கேட்பீர்கள். அவர்கள் வீட்டு விஷயம், அதனால் எடுக்கவில்லை. காவல் துறையில் இருக்கும் என் மாணவர்கள் யாராவது பழைய .410 மஸ்கட்டைக் கையாண்டிருந்தால் அனுபவத்தைக் கீழே எழுதுங்கள், அந்தப் பெரியவர் அதைப் பற்றித் துருவித் துருவிக் கேட்டார். மொழிபெயர்த்து மாப்பிள்ளை மூலம் அனுப்பி வைக்கிறேன்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்